யார் எழுதிய பற்று?

எங்கள் தெருவில் ஓய்வுபெற்ற தமிழாசிரியர் ஒருவர் இருக்கின்றார். சென்ற ஆண்டில் ஒருநாள் மாலை கையில் ஒரு தாளுடன் என் வீட்டிற்கு வந்தார். வங்கி அவருக்கு அனுப்பியிருந்த கடன் அட்டையின் மாதக் கணக்கு அது. பத்துப் பன்னிரண்டு வரிகளே இருந்தன. அவற்றுள் ஒரு வரியின் கீழே சிவப்பு மையினால் கோடிட்டிருந்தார். தொகை 1,847 ரூபாய். அதற்கு நேரே ஏதோ ஒரு கம்பெனியின் பெயர் பாதியில் அறுந்து நின்றது. ஊர் மும்பை என்றிருந்தது. "நான் மும்பைக்குப் போய் இருபது ஆண்டுகள் ஆகின்றன. இப்படி ஒரு கடையைக் கண்டதும் இல்லை, கேட்டதும் இல்லை" என்றார். அவருடைய ஐயம் அதற்குள் ஒருவன்மேல் விழுந்துவிட்டது. அந்த வாரத்தில் அவர் சாப்பிட்ட உணவு விடுதியில், பரிமாறும் இளைஞன் ஒருவன் அவருடைய அட்டையை வாங்கிக்கொண்டு உள்ளே சென்று வந்தானாம். மறுநாள் காலையில் விடுதி முதலாளியிடம் முறையிடப் போவதாகச் சொன்னார்.

"ஒரே ஒரு நாள் பொறுங்கள், ஐயா" என்று வேண்டி அந்தத் தாளை வாங்கி வைத்துக்கொண்டேன். அவர் கதை முடிந்த விதத்தைப் பின்னர்ச் சொல்கின்றேன். அதற்குமுன் எழும் கேள்வி ஒன்று உண்டு. நம் கணக்கில் நமக்கே தெரியாத பெயரைப் பிறர் எழுதும் நிலை எவ்வாறு வந்தது? எழுதியது தவறு என்று மறுத்துரைக்கும் உரிமை நமக்கு எப்போது கிடைத்தது? இது சிறிய பொருளாகத் தோன்றலாம். ஆயினும் இதற்கு எண்ணூறு தொள்ளாயிரம் ஆண்டு வரலாறு இருக்கின்றது.

எழுத்தறிவு பரவாத நூற்றாண்டுகளில் ஐரோப்பியர்க்குக் கணக்கு வைக்க ஒரு மரக்குச்சி போதுமானதாயிருந்தது. கொடுக்கல் வாங்கல் தொகைக்கு ஏற்பக் குச்சியின் குறுக்கே சிறிதும் பெரிதுமாக வெட்டுக்குறிகள் இடுவர். பிறகு அதனை நீளவாக்கில் இரண்டாகப் பிளந்து, கொடுத்தவர் ஒரு பாதியும் பெற்றவர் மறு பாதியும் வைத்துக்கொள்வர். கணக்குத் தீர்க்கும் நாளில் இரண்டு பாதிகளையும் சேர்த்துப் பார்ப்பர். வெட்டுக்குறிகளும் பொருந்த வேண்டும். மரத்தின் இயற்கையான வரிகளும் பொருந்த வேண்டும். தன் பாதியில் ஒருவர் கள்ளத்தனமாக ஒரு குறியைக் கூட்டினால் மறு பாதி அதனைக் காட்டிக்கொடுத்துவிடும். இங்கிலாந்தின் அரசாங்கக் கருவூலமே பன்னிரண்டாம் நூற்றாண்டு முதல் 1826 வரை இக்குச்சிகளைக் கொண்டு கணக்கு வைத்தது. பயனற்றுப்போன பழைய குச்சிகளை 1834 ஆம் ஆண்டு அக்டோபர் 16 அன்று பாராளுமன்றக் கட்டடத்து உலைகளில் இட்டு எரித்தபோது, தீ பரவிப் பாராளுமன்றமே சாம்பலாயிற்று. பழங்கணக்கை ஒழிப்பது எத்துணைப் பெரிய வேலை, பாருங்கள்!

அரசாங்கத்தை விட்டுக் கடைத்தெருவிற்கு வருவோம். பிரெஞ்சு நாட்டில் ரொட்டிக் கடைக்காரரிடம் கடனுக்கு வாங்கும் வீட்டார் தங்கள் பாதிக் குச்சியைக் கையோடு கொண்டு செல்வர். கடைக்காரர் தம் பாதியை அதனோடு சேர்த்துப் பிடித்து, ஒவ்வொரு ரொட்டிக்கும் இரண்டின் மேலும் ஒரே வெட்டாக வெட்டுவார். நெப்போலியன் காலத்தில், 1804 இல், இயற்றப்பட்ட உரிமையியல் சட்டத் தொகுப்பின் 1333 ஆம் பிரிவு, இங்ஙனம் பொருந்தும் குச்சிகளைச் சான்றாக ஏற்றுக்கொண்டது. இம்முறையின் அருமை யாது? வாங்குபவர் கண்முன்னே, அவர் கையிலுள்ள பாதியின்மேலும் எழுதாமல், அவர் பெயரில் எவரும் பற்று எழுத இயலாது என்பதே.

நம் நாட்டு மளிகைக் கடைகளிலும் இதே நெறியைக் காண்கின்றோம். கடையில் ஒரு பேரேடு. வீட்டில் ஒரு பற்றுவரவு நோட்டு. சாமான் வாங்கச் செல்லும் பிள்ளை நோட்டையும் எடுத்துச் செல்வான். கடைக்காரர் இரண்டிலும் எழுதுவார். மாத முடிவில் வீட்டு அம்மாள் நோட்டைப் பார்த்து, "எட்டாம் தேதி நாங்கள் ஊரிலேயே இல்லையே, துவரம்பருப்பு யாருக்குப் போட்டீர்கள்?" என்று கேட்பார். கடைக்காரர் நாக்கைக் கடித்துக்கொண்டு அந்த வரியை அடித்துவிடுவார். வழக்கு இரண்டு நிமிடத்தில் முடிந்துவிடும். கேட்பவரும் பதில் சொல்பவரும் ஒருவரையொருவர் அறிந்தவர். சான்று இருவர் கையிலும் இருந்தது.

இந்த நிலை குலைந்தது அமெரிக்க ஐக்கிய நாடுகளில். பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் அங்கே பெருநகரங்களில் பல அடுக்கு அங்காடிகள் தோன்றின. ஆயிரக்கணக்கானோர் வந்து போகும் கடையில் விற்பனையாளருக்கு வாடிக்கையாளர் முகம் தெரியாது. ஆகவே கடன் கணக்கு உள்ளவர்களுக்கு எண் பொறித்த சிறு உலோக வில்லைகளைக் கடைகள் வழங்கின. 1930 ஐ ஒட்டிய ஆண்டுகளில் 'சார்கா பிளேட்' என்னும் உலோகத் தகடு வழக்கிற்கு வந்தது. அதில் வாடிக்கையாளரின் பெயரும் ஊரும் புடைப்பெழுத்தில் இருக்கும். தகட்டைச் சீட்டின்கீழ் வைத்து அழுத்தினால் பெயர் பதியும். வாங்கியவர் கையொப்பமிடுவார். இன்றைய அட்டையின் பாட்டன் இதுதான்.

மாதக் கணக்கு வரும்போது அதனுடன் கையொப்பமிட்ட சீட்டுகளையும் உறையில் இட்டு அனுப்பும் வழக்கம் அந்நாட்டில் இருந்தது. அதற்குக் 'கன்ட்ரி கிளப் பில்லிங்' என்று பெயர். செல்வர் கூடும் மன்றங்களில் உண்டதற்கும் பருகியதற்கும் உறுப்பினர் சீட்டில் ஒப்பமிடுவர். மாத முடிவில் அச்சீட்டுகள் கணக்குடன் திரும்பி வரும். அதனால் வந்த பெயர் அது. இத்தகைய சீட்டைக் குறிக்க ஆங்கிலேயர் வழங்கும் 'சிட்' என்னும் சொல், அவர்கள் இந்தியாவில் இருந்த காலத்தில் இந்தியின் 'சிட்டீ' என்னும் சொல்லிலிருந்து எடுத்துக்கொண்டது. நம் 'சீட்டு' என்னும் சொல்லுக்கு அது எவ்வளவு நெருங்கி ஒலிக்கின்றது என்பதை மாணவர்கள் கவனிக்கலாம்.

குச்சியின் மறு பாதி போன்றது அந்தச் சீட்டு. தன் கையொப்பத்தைக் கண்டவர் வாய் மூடிக்கொள்வார். வேறொருவர் கிறுக்கலைக் கண்டவர் சீட்டுடன் கடைக்குச் செல்வார்.

1950 இல் நியூயார்க்கில் டைனர்ஸ் கிளப் தோன்றியது. பல உணவு விடுதிகளில் ஒரே அட்டையைக் காட்டிக் கடனுக்கு உண்ணலாம் என்பது அதன் புதுமை. இங்கேதான் ஒரு மூன்றாம் ஆள் கணக்கினுள் நுழைகின்றார். பற்று எழுதுபவர் கடைக்காரர். பணம் கேட்பவர் வேறொருவர். 1958 செப்டம்பரில் கலிபோர்னியாவின் ஃபிரெஸ்னோ நகரில் பாங்க் ஆஃப் அமெரிக்கா செய்தது இதனினும் துணிவான செயல். ஏறத்தாழ 60,000 பேருக்கு, அவர்கள் கேளாமலேயே, கடன் அட்டைகளைத் தபாலில் அனுப்பிவிட்டது! தபாற்பெட்டிகளில் இருந்து அட்டைகள் திருடு போயின. தாம் அறியாத அட்டையில் தாம் வாங்காத பொருளுக்குப் பலருக்குக் கணக்கு வந்தது. அட்டைத் திட்டம் கலிபோர்னியா முழுவதும் பரவியபோது வங்கிக்கு ஏற்பட்ட நட்டம் பல இலட்சம் டாலர். திட்டத்தை வகுத்த ஜோசப் வில்லியம்ஸ் அடுத்த ஆண்டே வங்கியை விட்டு விலகினார்.

வங்கி திட்டத்தைக் கைவிடவில்லை. 1966 முதல் பிற மாநில வங்கிகளுக்கும் அந்த அட்டையை வழங்கும் உரிமத்தை அளித்தது. அதனோடு தொல்லையும் பெருகியது. சிகாகோவில் வாழ்பவர் சான் பிரான்சிஸ்கோவில் ஒரு தொப்பி வாங்கினால், அவர் ஒப்பமிட்ட சீட்டு முதலில் கடைக்காரரின் வங்கிக்குச் செல்லும். அங்கிருந்து தபாலில் சிகாகோ வங்கிக்குச் செல்லும். பின்னர் அவர் வீட்டிற்கு வரும். இலட்சக்கணக்கான சீட்டுகள் இவ்வாறு அலைந்தன. வங்கிகளின் பின்னறைகளில் காகிதம் மலைபோற் குவிந்தது. இந்த அட்டைதான் 1976 இல் 'விசா' என்று பெயர் மாறியது. அதற்குமுன் அதன் தலைவராயிருந்த டீ ஹாக் என்பவர் காகித மலைக்கு ஒரு முடிவு கட்டினார். 1973 இல், அட்டை செல்லுமா என்று கடைக்காரர் கேட்பதற்கு விடையளிக்கும் மின்னணு முறை வந்தது. 1974 இல், வங்கிகளுக்கிடையே சீட்டுக்குப் பதிலாகச் செய்தியை மட்டும் கணிப்பொறி வழியாக அனுப்பும் முறை வந்தது.

நம் கதைக்கு முதன்மையான ஆண்டு இதுவே என்பது என் எண்ணம். சீட்டு கடைக்காரரின் வங்கியோடு நின்றுவிட்டது. தேதி, தொகை, பெயர், ஊர் என்ற ஒரே வரி மட்டும் வாங்கியவரை வந்தடைந்தது. அமெரிக்கன் எக்ஸ்பிரஸ் முதலிய சில நிறுவனங்கள் சீட்டின் படியைத் தொடர்ந்து அனுப்பி வந்தன. அதுவும் நாளடைவில் மறைந்தது. கையொப்பம் கண்ணிலிருந்து போயிற்று. குச்சியின் மறு பாதி நம் கையை விட்டு நழுவியது.

அந்த ஒரு வரியும் எத்துணைச் சிறியது தெரியுமா? அட்டைச் செய்திகளுக்கென்று 1987 இல் வகுக்கப்பட்ட அனைத்துலகத் தர முறையில், கடையின் பெயருக்கும் ஊருக்கும் நாட்டிற்கும் சேர்த்து ஒதுக்கப்பட்டவை 40 எழுத்திடங்களே. நீண்ட பெயர் அதில் அடங்காது; அறுந்துதான் நிற்கும். மேலும், கதவின்மேல் தொங்கும் பலகையில் ஒரு பெயர், பதிவேட்டில் வேறு பெயர் என்பது வணிக உலகில் இயல்பு. டிமார்ட் கடைகளை நடத்தும் கம்பெனியின் பெயர் அவென்யூ சூப்பர்மார்ட்ஸ். வெஸ்ட்சைடு, சூடியோ ஆகிய துணிக்கடைகளை நடத்துவது டிரென்ட். குரோமா கடைகளை நடத்துவது இன்ஃபினிட்டி ரீடெயில். கடை சேலத்தில் இருக்க, தலைமை நிலையத்தின் ஊர் கணக்கில் இடம்பெறவும் கூடும். நடுவே பணம் வாங்கித் தரும் நிறுவனம் ஒன்றிருந்தால் அதன் பெயரும் முன்னே ஒட்டிக்கொள்ளும். தேதியிலும் ஒரு மயக்கம் உண்டு. பொருள் வாங்கிய நாள் ஒன்று. வங்கி பதிந்த நாள் இரண்டு மூன்று நாள் பிந்தியதாக இருக்கலாம். என்றோ ஒருநாள் 'ஒரு மாதம் இலவசம்' என்று சேர்ந்த சந்தா, இலவச மாதம் முடிந்ததும் ஓசையின்றிப் பணம் எடுக்கத் தொடங்குவதும் இந்த வகையைச் சேர்ந்ததே. தெரியாத பெயர்கள் எல்லாம் திருட்டுப் பெயர்கள் அல்ல.

ஆனால் சில, திருட்டுப் பெயர்களே. சில, கணிப்பொறியின் பிழைகள். 1960களின் அமெரிக்கர்கள் இரண்டாவதைக் கண்டுதான் மிகுதியும் மனம் நொந்தனர். தவறு என்று கடிதம் எழுதுவர். விடையாக அச்சிட்ட நினைவூட்டல் வரும். மறுபடியும் எழுதுவர், வட்டியும் சேர்ந்து வரும். கார்டன் டிக்சன் என்னும் எழுத்தாளர் 1965 இல் ஒரு சிறுகதை எழுதினார். 'கணிப்பொறிகள் வாதாடுவதில்லை' என்று பொருள்படும் தலைப்புடையது. தான் கேளாத புத்தகத்திற்கு வந்த கணக்கை ஒருவன் மறுக்கின்றான். கடிதங்கள் ஏற ஏற வழக்காகிக் கடைசியில் அவன் மரண தண்டனைக்கே ஆளாகின்றான். நகைச்சுவைக் கதைதான்; ஆயினும் அந்நாளைய மக்கள் அதனைத் தங்கள் வீட்டுத் தபாற்பெட்டியோடு ஒப்பிட்டுப் பார்த்திருப்பார்கள்.

சட்டம் மெல்ல விழித்தது. 1968 இல் கடனின் உண்மையான வட்டியைச் சொல்ல வேண்டும் என்று அமெரிக்கச் சட்டம் ஒன்று வந்தது. 1970 இல் அதைத் திருத்தி, கேளாதவர்க்கு அட்டை அனுப்புவதைத் தடுத்தார்கள். பிறர் கள்ளத்தனமாக அட்டையைப் பயன்படுத்தினால் உரியவர் பொறுப்பு 50 டாலருக்கு மேற்படாது என்றும், இசைவுடன்தான் பயன்பட்டது என்று நாட்டும் பொறுப்பு அட்டை வழங்கியவருடையது என்றும் விதித்தார்கள். விஸ்கான்சின் மாநில செனட்டர் வில்லியம் பிராக்ஸ்மயர் முதலியோர் விடாது முயன்றதனால் 1974 அக்டோபரில் நேர்மையான கடன் கணக்குச் சட்டம் நிறைவேறியது. ஓராண்டு கழித்து நடைமுறைக்கு வந்தது.

அச்சட்டம் கூறியது இது: கணக்கு அனுப்பப்பட்ட 60 நாட்களுக்குள் வாடிக்கையாளர் எழுத்தில் மறுப்புத் தெரிவிக்கலாம். வங்கி 30 நாட்களுக்குள் கடிதம் பெற்றதை ஒப்புக்கொள்ள வேண்டும். இரண்டு கணக்கு மாதங்களுக்குள், எவ்வாறாயினும் 90 நாட்களுக்கு மேற்படாமல், விசாரித்துத் திருத்த வேண்டும். அன்றிக் காரணம் கூற வேண்டும். அதுவரை அந்தத் தொகையைக் கட்டாதிருக்கலாம்; கட்டாதவர் என்று அவர் பெயரைக் கெடுக்கவும் கூடாது. சீட்டை அனுப்பாத வங்கிகள் கணக்கின் ஒவ்வொரு வரியிலும் விற்றவர் பெயரையும் ஊரையும் குறிக்க வேண்டும் என்றும் விதிகள் வகுக்கப்பட்டன. சீட்டு மறைந்த அதே ஆண்டில், சீட்டைக் கேட்கும் உரிமை பிறந்தது! திட்டமிட்ட பொருத்தம் அன்று. ஆயினும் வியப்பான பொருத்தம்.

வங்கி எவ்வாறு விசாரிக்கின்றது என்பதையும் அறிய வேண்டும். மறுப்பு வந்ததும், அட்டை நிறுவனத்தின் விதிப்படி, தொகை கடைக்காரரின் வங்கிக்குத் திருப்பி எழுதப்படும். இதற்குச் 'சார்ஜ்பேக்' என்று பெயர். கடைக்காரர் தம் சான்றைக் காட்ட வேண்டும். முன்பு கையொப்பமிட்ட சீட்டு, இன்று பொருள் ஒப்படைத்த பதிவு முதலியன. காட்டத் தவறினால் பணமும் போகும், பொருளும் போகும், தண்டமும் கட்ட நேரும். தம் வீட்டார் வாங்கியதை மறந்துவிட்டுப் பொய்க்கணக்கு என்று கூவுவோரால் நேர்மையான சிறு வணிகர் இழப்பது சிறிதன்று. அவர் கடையில் முதலில் விசாரித்துப் பார்ப்பது அவருக்கு நாம் செய்யும் நீதி. பொய் என்று உறுதியாகத் தெரிந்தாலோ, ஒரு மணி நேரமும் தாமதிக்காமல் வங்கிக்குச் சொல்லி அட்டையை முடக்குவது நமக்கு நாமே செய்துகொள்ளும் நீதி.

இந்தியாவில் 1980களில் நம் வங்கிகள் தாமே கடன் அட்டை வழங்கத் தொடங்கின. பாதுகாப்பு விதிகள் வர மேலும் காலமாயிற்று. அட்டையைக் காட்டாமல் இணைய வழியே வாங்குவதற்கு இரண்டாவது சான்றும் வேண்டும் என்று ரிசர்வ் வங்கி விதித்தது 2009 ஆகஸ்டு முதல் நடைமுறைக்கு வந்தது. 2011 இல் தொகை எவ்வளவு சிறிதாயினும் ஒவ்வொரு பற்றுக்கும் வாடிக்கையாளர்க்குச் செய்தி அனுப்ப வேண்டும் என்றாயிற்று. ரொட்டிக் கடைக்காரர் இரு குச்சிகளிலும் ஒரே வெட்டாக வெட்டியது நினைவிருக்கின்றதா? கைப்பேசியில் மணியடித்து வரும் அக்குறுஞ்செய்தி அந்த வெட்டுக்கு ஒப்பானது. ஆனால் அதைப் படிப்பவர் வேண்டுமே! தானாகப் பணம் எடுக்கும் சந்தாக்களுக்கு 24 மணி நேரம் முன்னதாக அறிவிக்க வேண்டும் என்னும் விதி 2021 அக்டோபரில் வந்தது.

எல்லாவற்றினும் பெரிது 2017 ஜூலையில் ரிசர்வ் வங்கி பிறப்பித்த ஆணை. வங்கியின் குறையால் பணம் போனால் வாடிக்கையாளருக்குப் பொறுப்பே இல்லை. வங்கியும் வாடிக்கையாளரும் அல்லாத வேறிடத்துக் குறையால் போயிருந்து, செய்தி கிடைத்த 3 வேலை நாட்களுக்குள் முறையிட்டால் அப்போதும் இல்லை. 4 முதல் 7 நாட்களுக்குள் என்றால் ஒரு வரம்பு உண்டு. 5 இலட்சம் ரூபாய் வரை வரம்புள்ள கடன் அட்டைக்கு அது 10,000 ரூபாய். முறையிட்ட 10 வேலை நாட்களுக்குள் தொகையைக் கணக்கில் தற்காலிகமாக வரவு வைத்து, 90 நாட்களுக்குள் முடிவு கூற வேண்டும் என்றும், வாடிக்கையாளர்தாம் பொறுப்பு என்று மெய்ப்பிப்பது வங்கியின் கடமை என்றும் அவ்வாணை கூறியது. இரகசிய எண்ணைத் தாமே பிறருக்குச் சொன்னவர் மட்டும், முறையிடும் வரை நேர்ந்த இழப்பைத் தாமே ஏற்க வேண்டும். நாட்களை எண்ணும்போது கணக்குத் தாள் வந்த நாளிலிருந்து எண்ணிவிடக் கூடாது. வங்கியின் செய்தி வந்த நாளே தொடக்கம். பலர் ஏமாறுவது இங்கேதான். வங்கி செவிசாய்க்காவிட்டால் அதற்கு மேலே குறைதீர்க்கும் அலுவலர் உண்டு. அவருக்கான திட்டம் 1995 இல் தோன்றியது. முறையீட்டை வாய்மொழியாகச் சொன்னதோடு நில்லாமல், பதிவெண்ணையும் நாளையும் குறித்து வைத்துக்கொள்வது இன்றியமையாதது.

ஆசிரியர் கொணர்ந்த தாளுக்கு வருகின்றேன். அவருடைய கைப்பேசியைத் திறந்து பார்த்தோம். படிக்கப்படாத செய்திகள் நானூறுக்கு மேல் இருந்தன. அவற்றுள் அந்தப் பற்றுக்கான செய்தியும் இருந்தது. அவர் விடுதியில் சாப்பிட்டது வியாழன். செய்தி வந்தது அதற்கு முந்திய ஞாயிறு, மாலை ஆறரை மணிக்கு. அட்டை எண்ணின் கடைசி நான்கு இலக்கங்களும் வேறாயிருந்தன. அவர் கணக்கோடு இணைத்து மருமகளுக்கு வாங்கிக் கொடுத்திருந்த அட்டை அது. வீட்டில் கேட்டபோது, பேரனுக்கு ஒரு ஜோடி காலணி வாங்கியதாகச் சொன்னார் அந்தப் பெண். காலணிப் பெட்டிக்குள் மடித்துக் கிடந்தது ரசீது. மேலே நம் ஊர்க் கடையின் பெயர். அடியில், பூதக்கண்ணாடி வேண்டும் என்னும் அளவுக்குச் சிறிய எழுத்தில், மும்பைக் கம்பெனியின் பெயர். தொகை 1,847 ரூபாய்.

ஆசிரியர் அந்த ரசீதைக் கணக்குத் தாளோடு சேர்த்துக் குண்டூசி குத்தி வைத்துக்கொண்டார். மறுநாள் காலை அந்த உணவு விடுதிக்குச் சென்று காப்பி குடித்தார். பரிமாறிய இளைஞனிடம் அவன் ஊரையும் படிப்பையும் பற்றி நெடுநேரம் விசாரித்தாராம். பெரியவர் இன்று ஏன் இவ்வளவு பேசுகின்றார் என்பது அவனுக்கு விளங்கவில்லை.